ஒஸ்கார் மேடையும் ஓரத்து மேசையும்

(எமது சங்கத்தின் கலைமாலை நிகழ்வில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். மலர்க் குழுவினர் கேட்டுக்கொண்டதற்கு இணங்க, பேசியதை இயன்றவரை பேசியபடியே எழுதித் தந்திருக்கிறேன்.)



"என்ன, புது வருசமும் அதுவுமா சினிமாக் கதையோ?" என்று வாசலிலேயே இரண்டு பேர் என்னைக் கேட்டுவிட்டார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் ஒவ்வொரு வருடமும் பங்குனி மாதம் வந்தால் எங்கட பிள்ளைகள் ஒஸ்கார் விழாவைப் பற்றித்தான் கதைக்கினம். ஆர் என்ன உடுப்புப் போட்டது, ஆருக்கு விருது, ஆர் அழுதது எண்டெல்லாம் அவைக்குத் தெரியும். அந்தப் பட்டியலுக்குள்ளே எங்களைப்போல ஊரைவிட்டு ஓடிவந்த ஆக்கள் எத்தனை பேர் இருக்கினம் என்பது மட்டும் தெரியாது. பெரியவர்களுக்கும் தெரியாது. இன்றைக்கு அந்தக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒஸ்காரின் வரலாற்றைப் பார்ப்போம்.

முதலில் தொடக்கத்தைச் சொல்லவேண்டும். 1927 இல் ஹொலிவூட்டில் 36 பேர் சேர்ந்து திரைப்படக் கலை, விஞ்ஞான அகடமி என்ற அமைப்பை உருவாக்கினார்கள். அதற்கு மூலகாரணமாக இருந்தவர் எம்.ஜி.எம். படநிறுவனத்தின் தலைவர் லூயி பி. மேயர். அவர் ரஷ்யச் சாம்ராச்சியத்தில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்து, சிறுவனாகவே கடல் கடந்து வந்தவர். கனடாவின் கிழக்குக் கரையிலுள்ள சென் ஜோன் நகரத்தில், பழைய இரும்பு வியாபாரம் செய்த தகப்பனோடு வளர்ந்தவர். தன் பிறந்த நாளாக அமெரிக்க சுதந்திர தினமான யூலை 4 ஐத்தான் எல்லோருக்கும் சொல்லிக்கொண்டார். சிரிக்காதேங்கோ! இந்த மண்டபத்திலும் பத்திரத்திலை ஒரு பிறந்த நாளும் அம்மா சொன்ன பிறந்த நாள் இன்னொண்டுமாக எத்தனை பேர் இருக்கினம்?

அகடமியை மேயர் உருவாக்கியதற்குக் கலை மட்டும் காரணமில்லை. அந்தக் காலத்தில் ஸ்ரூடியோக்களுக்குள் தொழிற்சங்கங்கள் வந்துகொண்டிருந்தன. நடிகர்களும் எழுத்தாளர்களும் இயக்குநர்களும் சங்கம் கட்டினால் முதலாளிமாருக்குக் கரைச்சல். எல்லோரையும் ஒரே அமைப்புக்குள் வைத்துக்கொண்டால் பிணக்குகளை உள்ளுக்குள்ளேயே தீர்த்துக்கொள்ளலாம் என்பது கணக்கு. விருது கொடுக்கும் யோசனை அதன் ஒரு பகுதியாகத்தான் வந்தது. இது வேலைசெய்கிற சனத்துக்கு விளங்காமலும் இல்லை. 1936 இல் "த இன்ஃபோமர்" படத்துக்காகச் சிறந்த திரைக்கதை விருது பெற்ற டட்லி நிக்கல்ஸ், எழுத்தாளர் சங்கத்தின் பக்கம் நின்று அந்த விருதை வேண்டாம் என்று மறுத்தார். ஒஸ்காரை முதன்முதலில் மறுத்தவர் அவர்தான்.

முதலாவது விழா 1929 மே 16 ஆம் திகதி ஹொலிவூட் றூஸ்வெல்ட் ஹோட்டலில் ஓர் இராப்போசன விருந்தாக நடந்தது. வந்தவர்கள் சுமார் 270 பேர். ரிக்கற் 5 டொலர். விருது கொடுத்து முடிக்க எடுத்த நேரம் 15 நிமிடம்! எங்கட ஆண்டு விழாவில் வரவேற்புரைக்கே அது காணாது. ஆருக்கு விருது என்பது மூன்று மாதத்துக்கு முன்னரே அறிவிக்கப்பட்டிருந்தபடியால் பதைபதைப்பும் கிடையாது. பின்னர் முடிவுகளைப் பத்திரிகைகளுக்கு முன்கூட்டியே கொடுத்து, விழா முடியும்வரை வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்கள். 1940 இல் ஒரு பத்திரிகை அவசரப்பட்டு வெளியிட்டுவிட்டது. அதனால்தான் 1941 இலிருந்து ஒட்டிய கடித உறைகள் வந்தன. இன்றைக்கு நாங்கள் தொலைக்காட்சியில் பார்க்கிற "உறையைப் பிரிக்கலாமா" என்ற நாடகம் அங்கேதான் தொடங்கியது. அந்த உறையும் ஒருமுறை மாறிப்போனது. 2017 இல் பிழையான உறை கொடுக்கப்பட்டு "லா லா லாண்ட்" என்று வாசித்து, அந்தப் படத்தின் ஆட்கள் மேடையில் நன்றி சொல்லிக்கொண்டு நிற்கையில், உண்மையில் வென்றது "மூன்லைற்" என்று திருத்தினார்கள்.

முதலாவது சிறந்த நடிகர் விருது ஆருக்குப் போனது தெரியுமோ? எமில் ஜனிங்ஸ் என்ற ஜேர்மன் நடிகருக்கு. இரண்டு படங்களுக்காக அவருக்குக் கொடுத்தார்கள். அதில் ஒன்று "த லாஸ்ற் கொமாண்ட்". கதை இதுதான்: ரஷ்யப் புரட்சியில் எல்லாவற்றையும் இழந்து ஓடிவந்த ஒரு பழைய தளபதி, ஹொலிவூட்டில் அன்றாடக் கூலிக்குத் துணைநடிகராக வரிசையில் நிற்கிறார். ஊரில் படையை நடத்தினவர், இங்கே ஆரோ கொடுக்கிற சீருடையைப் போட்டுக்கொண்டு தளபதியாக நடிக்கிறார். ஊரிலே அதிபராகவும் எஞ்சினியராகவும் இருந்துவிட்டு இங்கே ஹோட்டல்களில் கோப்பை கழுவின எங்கட ஆக்களுக்கு இந்தக் கதையை விளங்கப்படுத்தத் தேவையில்லை. ஒஸ்காரின் முதலாவது சிறந்த நடிகர் விருது, ஓர் அகதியின் வேடத்துக்கும் சேர்த்துக் கொடுக்கப்பட்ட விருது.

ஆனால் அந்த நடிகரின் பிற்கால வாழ்க்கை வேறு. பேசும்படம் வந்ததும் ஜனிங்ஸ் ஜேர்மனிக்குத் திரும்பினார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபின் நாசிகளின் பிரசாரப் படங்களில் நடித்தார். அகதியாக நடித்து விருது பெற்றவர், பல்லாயிரம் பேரை அகதியாக்கிய ஆட்சிக்குத் துணைபோனார். விருதை வைத்து ஆளை அளக்க ஏலாது என்பதற்கு முதலாவது வருடமே சாட்சி வந்துவிட்டது.

இனி 1940 பெப்ரவரி 29 ஆம் திகதிக்கு வருவோம். லொஸ் ஏஞ்சல்சில் அம்பாசிடர் ஹோட்டலில் பன்னிரண்டாவது விழா. "கோன் வித் த விண்ட்" படத்துக்காகச் சிறந்த துணை நடிகை விருது ஹற்ரி மக்டானியலுக்குக் கிடைத்தது. ஒஸ்கார் பெற்ற முதலாவது கறுப்பினத்தவர் அவர்தான். அவருடைய பெற்றோர் அடிமைகளாக இருந்தவர்கள். படத்தில் அவருக்குக் கிடைத்ததும் வேலைக்காரி வேடம்தான்.

அந்த ஹோட்டலுக்குள் கறுப்பினத்தவரை விடுவதில்லை. படத் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் தனியாகக் கேட்டுத்தான் அவரை உள்ளே அழைத்துவந்தார். படத்தில் கூட நடித்தவர்கள் ஒரு மேசையில் இருந்தார்கள். இவரைச் சுவரோரமாக ஒரு சின்ன மேசையில் இருத்தினார்கள். அந்த ஓரத்து மேசையில் இருந்து எழும்பி நடந்து போய்த்தான் அவர் விருதை வாங்கினார். அதற்கு இரண்டு மாதங்களுக்கு முன், அற்லான்ரா நகரத்தில் நடந்த படத்தின் முதற் காட்சிக்கும் அவரால் போக முடியவில்லை. காரணம் அதே நிறம்தான்.

1952 இல் அவர் இறந்தபோது, தன்னைப் புதைக்க வேண்டும் என்று அவர் கேட்டிருந்த ஹொலிவூட் மயானம் இடம் கொடுக்க மறுத்தது. அந்தக் காலத்தில் துணை நடிகர்களுக்குச் சிலை கொடுப்பதில்லை, ஒரு பதக்கப் பலகைதான். அதை அவர் ஹவார்ட் பல்கலைக்கழகத்துக்கு விட்டுச்சென்றார். அதுவும் பிறகு காணாமற் போனது. அதற்குப் பதிலாக அகடமி புதிதாக ஒன்றைச் செய்து 2023 இல்தான் அந்தப் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்தது. இன்னொரு கறுப்பினப் பெண் நடிப்புக்காக ஒஸ்கார் பெற 51 வருடம் எடுத்தது. 1991 இல் வூப்பி கோல்ட்பேர்க். சிறந்த நடிகை விருது ஒரு கறுப்பினப் பெண்ணுக்குக் கிடைத்தது 2002 இல், ஹலி பெரிக்கு.

"உதெல்லாம் வெள்ளைக்காரன்ர வேலை" எண்டு சொல்லிப்போட்டு நாங்கள் போகலாம். போகேலாது. எங்கட யாழ்ப்பாணத்திலும் தேநீர்க் கடைகளில் ஒரு பகுதி மக்களுக்கு வேறு பாத்திரம், வேறு இடம் இருந்தது. தேநீர்க் கடைக்குள்ளே போகவும் மாவிட்டபுரம் கோயிலுக்குள்ளே போகவும் 1968 இல் போராட வேண்டியிருந்தது. ஓரத்து மேசை எங்களுக்குப் புதினமில்லை. இதை இந்த இடத்தில் சொல்லாமல் மற்றவனின் குறையை மட்டும் சொல்லிக்கொண்டு போனால், நான் இந்த மேடைக்கு ஏறினதில் அர்த்தமில்லை.

அடுத்தது யுத்த காலம். 1944 மார்ச் 2 ஆம் திகதி நடந்த விழாவில் "கஸபிளாங்கா" சிறந்த படமாகத் தெரிவானது. காதல் படம் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். என்னைக் கேட்டால் அது விசாவுக்காகக் காத்திருக்கிற சனத்தின் படம். ஹிட்லரின் படைகளுக்குப் பயந்து ஐரோப்பாவை விட்டு ஓடுகிறவர்கள் மொறோக்கோவிலே வந்து அடைபட்டுக் கிடக்கிறார்கள். லிஸ்பன் போய் அங்கிருந்து அமெரிக்கா போகவேண்டும். அதற்குப் பத்திரம் வேண்டும். பத்திரம் விற்கிறவன் இருக்கிறான், நகையை விற்கிற பெண் இருக்கிறாள், லஞ்சம் வாங்குகிற பொலிஸ் இருக்கிறது. கொழும்பு லொட்ஜுகளிலும் வேறு வேறு நாடுகளிலும் ஏஜென்சிக்காரனை நம்பிக் காத்திருந்தவர்கள் அந்தப் படத்தை ஒருமுறை பாருங்கோ.

இன்னொரு விசயம். அதிலே அகதிகளாக நடித்தவர்களில் பலர் உண்மையிலேயே அகதிகள். இயக்கிய மைக்கல் கேட்டிஸ் ஹங்கேரியில் பிறந்தவர். நாசி அதிகாரியாக நடித்த கொன்ராட் வைற், யூத மனைவியோடு 1933 இல் ஜேர்மனியை விட்டு வெளியேறியவர். பரிசில் இருந்து தப்பி லிஸ்பன் வழியாக வந்த மார்செல் டாலியோ பிரான்சிலே பெரிய நடிகர். "கஸபிளாங்கா"வில் அவருக்குக் கிடைத்தது சூதாட்ட மேசையில் நிற்கிற சின்ன வேடம். படத்தின் பெயர்ப் பட்டியலில் அவருடைய பெயரே இல்லை. படத்துக்கும் இயக்குநருக்கும் திரைக்கதைக்கும் விருது வந்தது. சின்ன வேடங்களில் நின்று அந்தப் படத்துக்கு உயிர் கொடுத்த அகதிகளை அந்த இரவு ஒருவரும் மேடைக்குக் கூப்பிடவில்லை.

அதே காலத்தில் வந்த இன்னோர் அகதி பில்லி வைல்டர். இன்றைக்குப் போலந்தில் இருக்கிற ஓர் ஊரில் 1906 இல் பிறந்த யூதர். பேர்லினில் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தவர், 1933 இல் ஹிட்லர் வந்ததும் பரிசுக்கு ஓடி, 1934 இல் அமெரிக்கா வந்தார். ஆங்கிலம் சரியாகத் தெரியாது. தங்கியிருக்க நிரந்தர விசா வேண்டுமென்றால் நாட்டைவிட்டு வெளியே போய்த் திரும்ப வரவேண்டும். எல்லையைத் தாண்டி மெக்சிக்கோவின் மெக்சிக்காலி நகரத்துக்குப் போனார். கையில் தேவையான பத்திரங்கள் இல்லை. அமெரிக்கத் தூதரக அதிகாரி, என்ன தொழில் என்று கேட்டார். படங்களுக்கு எழுதுகிறேன் என்றார் வைல்டர். அதிகாரி கொஞ்ச நேரம் அங்குமிங்கும் நடந்துவிட்டு, முத்திரையைக் குத்திக் கொடுத்து, நல்ல படங்களாக எழுது என்றாராம்.

இதை வைல்டரே 1988 இல் ஒஸ்கார் மேடையில், வாழ்நாள் பணிக்கான தால்பேர்க் விருதை வாங்கும்போது சொன்னார். அதற்குமுன் அவர் ஆறு ஒஸ்கார்கள் வென்றிருந்தார். 1961 இல் "த அபார்ட்மென்ட்" படத்துக்காக ஒரே இரவில் மூன்று. ஆனாலும் 54 வருடத்துக்குப் பிறகு மேடையில் நின்று அவர் நன்றி சொன்னது, எல்லையில் ஒரு முத்திரை குத்தின அந்த அதிகாரிக்குத்தான். ஒரு முத்திரையில் எங்கட வாழ்க்கையும் தொங்கிக்கொண்டு கிடந்த நாட்களை நாங்கள் மறக்கேல்லை. வைல்டருக்கு அந்த முத்திரை கிடைத்தது. ஐரோப்பாவில் தங்கிவிட்ட அவருடைய தாய்க்குக் கிடைக்கவில்லை. நாசிகளின் யூத இன அழிப்பில் அவர் கொல்லப்பட்டார்.

பெயர் இல்லாமல் போனவர்களைப் பற்றிச் சொன்னேன். 1950களில் பெயரைச் சொல்லவே பயந்த ஒரு காலம் வந்தது. கம்யூனிஸ்ட் என்று சந்தேகிக்கப்பட்டவர்களைக் கறுப்புப் பட்டியலில் போட்டு வேலை கொடுக்காமல் விட்டார்கள். டால்ரன் றம்போ என்ற எழுத்தாளர் விசாரணையில் பதில் சொல்ல மறுத்துச் சிறைக்கும் போனவர். வெளியே வந்து வேறு பெயர்களில் எழுதினார். 1957 இல் "த பிறேவ் வன்" படத்தின் கதைக்காக றொபேர்ட் றிச் என்பவருக்கு விருது அறிவித்தார்கள். றிச் வரவில்லை. வேறொருவர் வந்து வாங்கிக்கொண்டு போனார். அப்படி ஓர் எழுத்தாளரே இல்லை. எழுதினவர் றம்போ. அந்தச் சிலை அவருடைய கைக்கு வந்தது 1975 இல். அவர் எழுதிய "றோமன் ஹொலிடே" கதைக்கான விருது 1954 இல் வேறொருவர் பெயரில் போயிருந்தது. அது 1993 இல், றம்போ இறந்து 17 வருடத்துக்குப் பிறகு, அவருடைய மனைவியிடம் கொடுக்கப்பட்டது. அடுத்த ஆளின் பெயரில் உழைக்கிறது என்றால் என்ன என்று இந்த மண்டபத்தில் சிலருக்கு நன்றாகத் தெரியும். மேற்கொண்டு விளக்க வேண்டாம்!

1958 இல் சிறந்த படம் உட்பட 7 ஒஸ்கார்களை வென்ற "த பிறிட்ஜ் ஒன் த றிவர் குவாய்" படம் எங்கட நாட்டிலே, கித்துல்கலவில், களனி கங்கைக் கரையில் எடுக்கப்பட்டது. அதன் திரைக்கதை விருதும் பிழையான ஆளுக்குத்தான் போனது. மூல நாவலை எழுதிய பிரெஞ்சுக்காரர் பியர் பூலுக்குக் கொடுத்தார்கள். அவருக்கோ ஆங்கிலத்தில் எழுத வராது. உண்மையாக எழுதிய மைக்கல் வில்சனும் கார்ல் போர்மனும் கறுப்புப் பட்டியலில் இருந்தவர்கள். அவர்களுடைய பெயரை அகடமி 1984 இல் ஏற்றுக்கொண்டபோது வில்சன் இறந்து ஆறு வருடமாகியிருந்தது.

அந்தப் படத்தில் இன்னொரு பெரிய மறைப்பு இருக்கிறது. அது சயாம் மரண ரயில் பாதையின் கதை. பிரித்தானியப் போர்க்கைதிகள் பட்ட துன்பத்தைப் படம் காட்டுகிறது. அது உண்மைதான். ஆனால் அதே பாதையில் மலாயாத் தோட்டங்களில் இருந்து யப்பானியர் கொண்டுபோன பல்லாயிரக்கணக்கான தமிழர்களும் வேலைசெய்தார்கள். கொலராவிலும் பட்டினியிலும் கூட்டம் கூட்டமாகச் செத்தார்கள். அவர்களுடைய கதை அந்தப் படத்தில் இல்லை. ஏழு ஒஸ்கார் வாங்கின படத்தைப் பார்த்த உலகம், அந்தப் பாதையில் தமிழன் செத்தான் என்று அறியவில்லை. எங்கட கதையை நாங்கள் சொல்லாவிட்டால் மற்றவன் தன்ர கதையைச் சொல்லுவான். அதில் அவனைக் குறைசொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை.

சொல்லப்பட்ட ஒரு கதைக்கு இனி வருகிறேன். கம்போடியாவில் ஹாயிங் நோர் என்ற மகப்பேற்று வைத்தியர் இருந்தார். கெமர் றூஜ் ஆட்சியில் படித்தவன் என்று தெரிந்தால் மரணம். அதனால் தான் வைத்தியர் என்பதை மறைத்து வாழ்ந்தார். அவருடைய மனைவிக்குப் பிரசவம் சிக்கலானபோது சத்திரசிகிச்சை செய்ய வழியில்லை. செய்தால் குடும்பத்தோடு கொலை. மகப்பேற்று வைத்தியரின் கண்முன்னே மனைவி பிரசவத்தில் இறந்தார். 1979 இல் தாய்லாந்துக்குத் தப்பி, 1980 இல் அமெரிக்கா வந்தார். அங்கே திரும்ப வைத்தியராகவில்லை. லொஸ் ஏஞ்சல்சில் மற்ற அகதிகளுக்கு வேலை தேடிக்கொடுக்கும் வேலை செய்தார். ஒரு கம்போடியக் கலியாண வீட்டில் அவரைக் கண்டவர்கள் "த கில்லிங் ஃபீல்ட்ஸ்" படத்தில் நடிக்கக் கூப்பிட்டார்கள். முன்பின் நடித்ததே இல்லை. 1985 மார்ச் 25 ஆம் திகதி சிறந்த துணை நடிகருக்கான ஒஸ்கார் அவருக்குக் கிடைத்தது.

அந்தப் படத்தை நாங்கள் அகதி விடுதியில் வீடியோவில் போட்டுப் பார்த்தோம். பாஷை பாதி விளங்கவில்லை. அவர் சேற்று வயலுக்குள்ளால் தப்பி வருகையில் எலும்புகளுக்கு மேல் வந்து விழுகிற இடத்தில், எங்களோடு இருந்த ஓர் அண்ணை எழும்பி வெளியிலை போய்விட்டார். ஆரும் என்ன ஏது எண்டு கேட்கேல்லை. அடுத்த நாள் அவர் தன்ர தம்பியின்ர கதையை முதன்முதலாக எங்களுக்குச் சொன்னார். ஒரு படம் செய்யக்கூடிய வேலை அதுதான்.

ஹாயிங் நோர் 1996 இல் தன் வீட்டு வாசலில் கொள்ளையர்களால் சுட்டுக் கொல்லப்பட்டார். கெமர் றூஜிடம் தப்பியவர் லொஸ் ஏஞ்சல்ஸ் தெருவில் தப்பவில்லை.

அவருக்குப் பிறகு 38 வருடம் கழித்து, அதே துணை நடிகர் விருதை வென்ற இரண்டாவது ஆசியரும் அகதிதான். கீ ஹுய் குவான், சைகோனில் பிறந்தவர். 1978 இல் வியட்நாமை விட்டு வெளியேறும்போது குடும்பம் இரண்டாகப் பிரிந்தது. தகப்பனோடு அவர் படகில் ஹொங்கொங் அகதி முகாமுக்கு, தாய் வேறு பிள்ளைகளோடு மலேசியாவுக்கு. பிறகு அமெரிக்காவில் ஒன்றுசேர்ந்தார்கள். 12 வயதளவில் "இண்டியானா ஜோன்ஸ்" படத்தில் ஹரிசன் போர்ட்டோடு வருகிற சின்னப் பொடியன் அவர்தான். அந்தப் படத்தின் படப்பிடிப்பு 1983 சித்திரையில் எங்கட கண்டியில் தொடங்கியது. மாதத்தைக் கவனியுங்கோ. ஒரு நாட்டிலிருந்து ஓடிவந்த அகதிப் பொடியன் அங்கே நடித்துவிட்டுப் போனான். அந்த ஆடி மாதம் எங்களில் எத்தனையோ பேர் அந்த நாட்டிலிருந்து ஓட வேண்டி வந்தது.

வளர்ந்தபின் குவானுக்கு வேடம் கிடைக்கவில்லை. ஆசிய முகத்துக்கு எழுதப்பட்ட பாத்திரங்கள் இல்லை. இருபது வருடங்களாகக் கமெராவுக்குப் பின்னால் வேலைசெய்தார். 2023 மார்ச் 12 ஆம் திகதி விருதை வாங்கி, 84 வயதான தாய் வீட்டிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறா என்று சொல்லி அழுதார். தன் பயணம் ஒரு படகில் தொடங்கியதையும் அகதி முகாமில் ஒரு வருடம் இருந்ததையும் மறைக்காமல் சொன்னார். "அகதி" என்ற சொல்லைக் கேட்டால் சங்கடப்படுகிற எங்கட இளையோர் அந்தப் பேச்சைக் கட்டாயம் கேட்கவேண்டும்.

இந்த மாற்றம் தானாக வந்ததில்லை. விருதுக்கு வாக்களிப்பது அகடமியின் அங்கத்தவர்கள். ஆர் அங்கத்தவரோ அவர்களின் கண்ணுக்குத் தெரிகிறவர்களுக்குத்தான் வாக்கு விழும். 2015 இலும் 2016 இலும் நடிப்புக்கான 20 பரிந்துரைகளும் வெள்ளையருக்கே போனபோது பெரிய எதிர்ப்பு எழுந்தது. அதன்பின் பெண்களையும் மற்ற இனத்தவரையும் வெளிநாட்டுக் கலைஞர்களையும் பெருமளவில் சேர்த்தார்கள். 2020 இல் கொரியப் படமான "பரசைற்" சிறந்த படமாக வென்றது. ஆங்கிலம் அல்லாத படம் ஒன்று அந்த விருதை வென்றது அதுதான் முதற்தடவை. 91 வருடம் எடுத்தது!

தமிழ் அந்த மேடைக்கு வந்ததையும் சொல்லவேண்டும். 2009 பெப்ரவரி 22 இல் ஏ. ஆர். ரஹ்மான் இரண்டு ஒஸ்கார்களை வாங்கிக்கொண்டு "எல்லாப் புகழும் இறைவனுக்கே" என்று தமிழில் சொன்னார். அதே படத்தின் இன்னொரு பாட்டுக்காக அவரோடு சேர்ந்து பரிந்துரைக்கப்பட்டவர் மாயா அருள்பிரகாசம், மாயா என்றால் உங்களுக்குத் தெரியாது, எம்.ஐ.ஏ. என்றால் பிள்ளைகளுக்குத் தெரியும். யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, 1986 இல் லண்டனுக்கு அகதியாக வந்த பிள்ளை. 2023 இல் குவான் விருது வாங்கிய அதே இரவு, முதுமலைக் காட்டில் யானைக்குட்டிகளை வளர்த்த பொம்மன், பெள்ளி தம்பதியரின் தமிழ்ப் பேச்சோடு வந்த "த எலிஃபண்ட் விஸ்பரர்ஸ்" சிறந்த குறும் ஆவணப்படமாக வென்றது.

ஒஸ்காரை விட்டு ஒரு நிமிடம் பிரான்சின் கான் விழாவுக்குப் போவோம். 2015 மே 24 இல் அங்கே தங்கப்பனை விருதை வென்றது "தீபன்". மூன்று அந்நியர்கள் இறந்துபோன ஒரு குடும்பத்தின் பத்திரங்களில், புருசன் பெண்சாதி பிள்ளை என்று பிரான்சுக்கு வந்து சேருகிற கதை. இயக்கியவர் பிரெஞ்சுக்காரர் ஜாக் ஓடியார். படத்தின் பெரும்பகுதிப் பேச்சு தமிழ். நாயகனாக நடித்த அந்தோனிதாசன் யேசுதாசன், ஷோபாசக்தி என்ற பெயரில் எழுதுகிறவர், தானே பிரான்சுக்கு அகதியாக வந்தவர். அந்தப் படத்தைப் பற்றி எங்களுக்குள்ளே பல அபிப்பிராயம் இருக்கலாம். இருக்கட்டும். எங்கட கதையை எங்கட ஆள் நடிக்க, உலகம் எழும்பி நின்று பார்த்தது. ஆனால் அதை இயக்கியவர் எங்கட ஆள் இல்லை. அந்த இடம் இன்னும் வெறுமையாக இருக்கிறது.

நேரம் போய்விட்டது. தலைவர் மணிக்கூட்டைப் பார்க்கிறார். மூன்று விசயத்தைச் சொல்லி முடிக்கிறேன்.

ஒன்று, எங்கட பரிசளிப்பு விழாக்கள். இந்தச் சங்கமும் வருடாவருடம் பொன்னாடை போர்த்துகிறது, கேடயம் கொடுக்கிறது. நல்லது. ஆனால் மேடைக்குக் கூப்பிடுகிற பெயர்களை எழுத இருக்கும்போது, மண்டபத்தின் ஓரத்து மேசையை ஒருமுறை திரும்பிப் பாருங்கோ. போன மாதம் வந்து இன்னும் வழக்கு முடியாத பொடியன், குசினிக்குள்ளே நின்று இருநூறு பேருக்குச் சமைத்த அக்கா, எந்த ஊர் எந்தப் பகுதி என்று கேட்டுத் தள்ளிவைக்கப்பட்ட குடும்பம், எல்லாரும் அங்கேதான் இருக்கினம். அகடமி பிந்தித் திருத்தினதுபோல நாங்களும் எண்பது வருடம் எடுக்க வேண்டியதில்லை.

இரண்டு, பெற்றோருக்கு. பிள்ளை வந்து "அப்பா, நான் படம் எடுக்கப் படிக்கப் போறன்" எண்டால், "அது சோறு போடுமோ?" எண்டு கேட்கிறம். கேட்கலாம், கேட்கவேண்டிய கேள்விதான். குவானுக்கே இருபது வருடம் கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனால் கேட்டுவிட்டு, அந்தப் பிள்ளையோடு இருந்து கதையுங்கோ. எல்லாரும் வைத்தியராகவும் கணக்காளராகவும் போனால், மரண ரயில் பாதையில் எங்கட கதை மறைந்ததுபோல இதுவும் மறையும்.

மூன்று, இளையோருக்கு. உங்களுடைய பொக்கற்றிலே இருக்கிற தொலைபேசியில் கமெரா இருக்கிறது. இந்தப் புத்தாண்டுக்கு அம்மம்மாவையோ அப்பப்பாவையோ முன்னுக்கு இருத்தி, எந்த ஊரில் இருந்து, எந்த வழியால், ஆரோடு வந்தவை என்று கேட்டுப் பதிவுசெய்யுங்கோ. வழியில் இறந்தவர்களின் பெயரையும் கேளுங்கோ. றம்போவின் பெயர் திரும்ப வந்தது, உண்மையில் எழுதினவர் ஆர் என்பதை அறிந்தவர்கள் இருந்தபடியால்தான். எங்கட பெரியவர்கள் ஒவ்வொருத்தராகப் போய்க்கொண்டிருக்கினம். அடுத்த வருட மலருக்கு முன் செய்யுங்கோ.